பணியிட மாறுதல் வழக்குகளில் இடைக்கால ஆணை

பணியிட மாறுதல் வழக்குகளில் இடைக்கால ஆணை என்பது, ஊழியர் ஒருவரை ஓரிடத்திலிருந்து மற்றோர் இடத்துக்கு மாற்றும் ஆணையை எதிர்த்துத் தொடரப்பட்ட வழக்கு முடிவடையும் வரை, நீதிமன்றமோ தீர்ப்பாயமோ பிறப்பிக்கும் தற்காலிக ஆணை ஆகும். இது மாறுதல் ஆணையை நிறுத்தி வைக்கும் தடையாணையாகவோ, நடப்பு நிலை தொடர வேண்டும் என்னும் கட்டளையாகவோ அமையலாம். இவ்வாறு பிறப்பிக்கப்பட்ட ஆணையை அதே நீதிமன்றமோ மேல் அமர்வோ மீண்டும் ஆராய்ந்து நீக்கவோ, திருத்தவோ, உறுதி செய்யவோ இயலும்.

பிற வழக்குகளில் இடைக்கால ஆணை என்பது இறுதித் தீர்ப்புக்கு முந்தைய ஒரு படி மட்டுமே. மாறுதல் வழக்குகளில் நிலை வேறு. இங்கு பூசலுக்கு உரிய பொருளே காலமும் இடமும் ஆகும். தடையாணை ஓராண்டு நீடித்தால் ஊழியர் அந்த ஓராண்டும் பழைய இடத்திலேயே பணிபுரிந்து விடுகிறார். தடையாணை மறுக்கப்பட்டால் அவர் புதிய இடத்தில் சேர்ந்து, குடும்பத்தையும் இடம் பெயர்த்த பின்னரே இறுதி விசாரணை வருகிறது. இரு நிலைகளிலும் வழக்கின் பயன் பெரும்பாலும் இடைக்கால ஆணையிலேயே முடிவாகி விடுகிறது. இதனாலேயே இவ்வாணைகளை வழங்குவதிலும் மறு ஆய்வு செய்வதிலும் இந்திய நீதிமன்றங்கள் தனிக் கவனம் செலுத்தி வந்துள்ளன.

பின்னணி

இந்தியச் சட்டத்தில் பணியிட மாறுதல் என்பது பணியின் இயல்பான ஒரு கூறாகக் கருதப்படுகிறது. மாற்றத்தக்க பணியில் சேர்ந்த ஒருவர் குறிப்பிட்ட ஓர் ஊரிலேயே பணிபுரியும் உரிமையைக் கோர இயலாது என்பது உச்ச நீதிமன்றம் பல முறை வலியுறுத்திய கொள்கை ஆகும். பணிமூப்பு, ஊதியம், தகுதி ஆகியவை குறையாத வரை மாறுதல் தண்டனை ஆகாது.

தமிழ்நாட்டு அரசு அலுவலகங்களில் மாறுதல்கள் பொதுவாகப் பின்வருமாறு பிரித்து வழங்கப்படுகின்றன:

• நிர்வாக மாறுதல் - நிர்வாக நலன் கருதி அலுவலகமே செய்வது. வழக்குகளில் பெரும்பாலானவை இதிலிருந்தே எழுகின்றன.
• விருப்ப மாறுதல் - ஊழியரின் வேண்டுகோளின் பேரில் அளிக்கப்படுவது.
• மனமொத்த மாறுதல் - ஒரே நிலையில் உள்ள இருவர் தமக்குள் இடம் மாற்றிக் கொள்வது.

பள்ளிக் கல்வித் துறையில் ஆசிரியர்களின் பொது மாறுதல்கள் கலந்தாய்வு மூலம் நடைபெறுகின்றன. கலந்தாய்வுக்கு வெளியே செய்யப்படும் நிர்வாக மாறுதல்கள் தனியே வழக்குக்கு உள்ளாகின்றன.

பி. வரத ராவ் எதிர் கர்நாடக மாநிலம் (1986) வழக்கில், மாறுதல் பணியின் இயல்பே என்று உறுதி செய்த உச்ச நீதிமன்றம், அடிக்கடியும் முறையின்றியும் செய்யப்படும் மாறுதல்கள் குடும்பத்தை வேரோடு பெயர்த்து விடக்கூடும் என்பதையும் சுட்டியது. நிர்வாகத்தின் தேவை ஒருபுறமும், ஊழியரின் பிள்ளைகளது படிப்பு, வாழ்க்கைத் துணையின் வேலை, முதிய பெற்றோரின் பராமரிப்பு ஆகியவை மறுபுறமும் நிற்கின்றன. இடைக்கால ஆணை கோரும் மனுவில் நீதிபதி எதிர்கொள்வது இந்த முரண்பாட்டையே ஆகும்.

இடைக்கால ஆணையின் தன்மை

உயர் நீதிமன்றங்கள் இந்திய அரசமைப்பின் 226 ஆவது உறுப்பின் கீழ் நீதிப்பேராணைகளை (ரிட்) வழங்குகின்றன. இடைக்கால நிவாரணம் வழங்கும் அதிகாரமும் இதனுள் அடங்கும். ஆயினும், இறுதி நிவாரணத்துக்குத் துணையாகவே இடைக்கால நிவாரணம் அமைய வேண்டும் என 1950களின் தொடக்கத்திலேயே ஒரிசா மாநிலம் எதிர் மதன் கோபால் ருங்டா வழக்கில் உச்ச நீதிமன்றம் வரையறுத்தது.

தடையாணை வழங்குமுன் நீதிமன்றம் பொதுவாக மூன்று கூறுகளை ஆராய்கிறது:

1. முகாந்திரம் - மேலோட்டமாகப் பார்க்கும் போதே மனுதாரரின் வழக்கில் விசாரணைக்கு உரிய வலு இருத்தல்.
2. சாதக பாதகச் சமநிலை - தடையாணை வழங்கினால் நிர்வாகத்துக்கு ஏற்படும் இடையூறு, மறுத்தால் ஊழியருக்கு ஏற்படும் இடையூறு ஆகியவற்றில் எது மிகுதி என்பது.
3. ஈடு செய்ய இயலாத இழப்பு - பின்னர் பணத்தால் நிறைவு செய்ய முடியாத இழப்பு நேருமா என்பது.

மத்திய கலால் உதவி ஆட்சியர் எதிர் டன்லப் இந்தியா (1985) வழக்கு இவற்றுடன் பொதுநலனையும் சேர்த்தது. முகாந்திரம் இருப்பதனால் மட்டும் தடையாணை வழங்கலாகாது என்பது அத்தீர்ப்பின் சாரம். அது வரி தொடர்பான வழக்கு எனினும், அரசின் அன்றாடச் செயற்பாட்டை நிறுத்தும் இடைக்கால ஆணைகள் அனைத்துக்கும் இக்கொள்கை எடுத்தாளப்படுகிறது.

தடையாணைக்கும் ரத்து ஆணைக்கும் உள்ள வேறுபாடு இங்கு முக்கியமானது. ஸ்ரீ சாமுண்டி மொபெட்ஸ் எதிர் தென்னிந்தியத் திருச்சபை அறக்கட்டளைச் சங்கம், சென்னை (1992) வழக்கில் உச்ச நீதிமன்றம் இதனை விளக்கியது. ரத்து செய்யப்பட்ட ஆணை இல்லாமலே போய் விடுகிறது. தடை செய்யப்பட்ட ஆணையோ தொடர்ந்து இருக்கிறது. தடை பிறந்த நாளிலிருந்து அது செயற்படாமல் நிற்கிறது, அவ்வளவே. எனவே தடையாணை நீங்கிய உடன் மாறுதல் ஆணை மீண்டும் உயிர் பெறுகிறது. ஊழியர் ஏற்கெனவே பணியிலிருந்து விடுவிக்கப்பட்டு, அவரது இடத்தில் மற்றொருவர் பொறுப்பேற்ற பின் தடையாணை வந்தால், அதன் பயன் என்ன என்பதே தனிப் பூசலாகி விடுகிறது. பணி விடுவிப்பு ஆணை வழங்கப்பட்ட நேரம், பொறுப்பு ஒப்படைக்கப்பட்ட நேரம் ஆகியவை இவ்வழக்குகளில் நுணுக்கமாக ஆராயப்படுவதற்குக் காரணம் இதுவே.

கால அளவும் அதன் விளைவும்

எடுத்துக்காட்டாக, காஞ்சிபுரம் மாவட்டம் படப்பையில் உள்ள அரசுப் பள்ளி ஆசிரியர் ஒருவர் சூலை மாதம் இராமநாதபுரம் மாவட்டத்துக்கு மாற்றப்படுகிறார் எனக் கொள்வோம். அவர் சென்னை உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்து இடைக்காலத் தடை பெறுகிறார். அரசுத் தரப்பு பதில் மனுவைத் தாக்கல் செய்யக் காலம் கேட்கிறது. வழக்கு சில முறை தள்ளி வைக்கப்படுகிறது. ஏப்ரலில் கல்வியாண்டு முடிந்து விடுகிறது. அவருடைய பிள்ளையின் படிப்புக்காகவே தடை கோரப்பட்டிருந்தால், அவர் வேண்டியது முழுவதும் தீர்ப்பு இன்றியே கிடைத்து விட்டது. இராமநாதபுரத்துப் பள்ளியோ அந்த ஆண்டு முழுவதும் ஆசிரியர் இன்றி இருந்திருக்கும்.

இதனை மாற்றிப் பார்த்தால் மறுபக்கம் விளங்கும். அந்த மாறுதல் பழிவாங்கும் நோக்குடன் செய்யப்பட்டது எனக் கொண்டால், தடை மறுக்கப்பட்ட ஆசிரியர் இராமநாதபுரம் சென்று சேர்ந்தாக வேண்டும். ஈராண்டு கழித்து மாறுதல் தவறானது எனத் தீர்ப்பு வந்தாலும், இழந்த ஆண்டுகளை எந்தத் தீர்ப்பும் திருப்பித் தர இயலாது.

தேவ்ராஜ் எதிர் மகாராட்டிர மாநிலம் (2004) வழக்கில் உச்ச நீதிமன்றம் இத்தகைய நிலையைப் பற்றிப் பொதுவாகக் கூறியுள்ளது. இடைக்கால நிவாரணத்தை மறுப்பது முதன்மை மனுவையே தள்ளுபடி செய்வதற்கு ஒப்பாகும் நிலைகள் உண்டு. அத்தகைய நிலையில், மிக வலுவான முகாந்திரம் இருந்தால், இறுதி நிவாரணத்துக்கு நிகரான இடைக்கால நிவாரணத்தையும் வழங்கலாம் என்பது அத்தீர்ப்பின் நிலைப்பாடு. எனினும் அது அரிதாகவே செய்யத் தக்கது.

நீதிமன்றம் தலையிடும் காரணங்கள்

மாறுதல் ஆணையில் நீதிமன்றம் பின்வரும் காரணங்களுக்காகவே தலையிடலாம் என்பது நிலைபெற்ற கொள்கை:

• கட்டாயத் தன்மை கொண்ட சட்டவிதி மீறப்பட்டிருத்தல்.
• தீய நோக்குடன் ஆணை பிறப்பிக்கப்பட்டிருத்தல்.
• ஆணை பிறப்பித்தவருக்கு அதற்கான அதிகாரம் இல்லாதிருத்தல்.
• விசாரணையின்றித் தண்டிக்கும் கருவியாக மாறுதல் பயன்படுத்தப்பட்டிருத்தல்.
• ஊதியம், பணிநிலை, பதவி உயர்வு வாய்ப்பு ஆகியவை பாதிக்கப்பட்டிருத்தல்.

சில்பி போஸ் எதிர் பீகார் மாநிலம் (1991) வழக்கில், தம் கணவர் பணிபுரியும் ஊர்களுக்கு மாறுதல் கேட்டுப் பெற்ற தொடக்கப் பள்ளி ஆசிரியைகளின் மாறுதல்களைப் பாட்னா உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்தது. அவர்களால் இடம் பெயர்க்கப்பட்ட ஆசிரியர்கள் தொடர்ந்த வழக்கு அது. உச்ச நீதிமன்றம் அந்த ரத்தினை நீக்கியது. நிர்வாக அறிவுரைகள் மீறப்பட்டிருந்தாலும் ஊழியர் முதலில் மேலதிகாரிகளையே அணுக வேண்டும் என்றும், அன்றாட மாறுதல்களில் நீதிமன்றங்கள் புகுந்தால் நிர்வாகம் குலைந்து விடும் என்றும் கூறியது.

இந்திய ஒன்றியம் எதிர் எஸ். எல். அப்பாஸ் (1993) வழக்கின் மனுதாரர் சில்லாங்கில் இந்தியத் தாவரவியல் கள ஆய்வு நிறுவனத்தில் தோட்டக் காப்பாளராகப் பணிபுரிந்தவர். அவர் பவுரிக்கு மாற்றப்பட்டார். அவருடைய மனைவியும் சில்லாங்கிலேயே பணியில் இருந்தார். கணவன், மனைவி இருவரையும் கூடிய வரை ஒரே ஊரில் பணியமர்த்த வேண்டும் என்னும் அரசு வழிகாட்டு நெறிகளை அவர் சுட்டினார். வழிகாட்டு நெறிகளை அதிகாரிகள் கருத்தில் கொள்ள வேண்டும். ஆயினும் அவை நீதிமன்றத்தின் மூலம் நிறைவேற்றிக் கொள்ளத்தக்க உரிமையைத் தருவதில்லை என உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மாறுதல் ஆணை மீது தீர்ப்பாயம் மேல்முறையீட்டு அலுவலர் போலச் செயற்படலாகாது என்பதும் இவ்வழக்கில் கூறப்பட்டது.

இதற்கு மறுதலையான எடுத்துக்காட்டு சோமேஷ் திவாரி எதிர் இந்திய ஒன்றியம் வழக்கு ஆகும். பெயரற்ற புகார் ஒன்றின் பேரில் போபாலிலிருந்து சில்லாங்குக்கு மாற்றப்பட்ட அதிகாரியின் வழக்கு இது. புகாரில் உண்மை இல்லை என விசாரணையில் தெரிய வந்திருந்தது. தண்டனைக்குப் பதிலாக மாறுதல் செய்யப்பட்டால் அது சட்டத்தின் பார்வையில் தீய நோக்கமே ஆகும் என உச்ச நீதிமன்றம் 2008 ஆம் ஆண்டு டிசம்பரில் தீர்ப்பளித்தது. இதன்படி, அதிகாரிக்குத் தனிப்பட்ட பகை இருந்ததாக மெய்ப்பிக்கத் தேவையில்லை; ஆணைக்குப் பொருத்தமற்ற காரணம் அடிப்படையாக இருந்தாலே போதும்.

ராயப்பா வழக்கு

தீய நோக்கம் பற்றிய சட்டத்தில் தமிழ்நாட்டிலிருந்து எழுந்த ஈ. பி. ராயப்பா எதிர் தமிழ்நாடு அரசு வழக்கு அடிப்படையானது. இந்திய ஆட்சிப் பணி அதிகாரியான ராயப்பா 1969 ஆம் ஆண்டு தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளர் பொறுப்பை ஏற்றார். 1972 ஆம் ஆண்டு ஏப்ரலில் மாநிலத் திட்டக் குழுவின் துணைத் தலைவராகவும், 1973 ஆம் ஆண்டு சூனில் தனி அலுவலராகவும் அவர் மாற்றப்பட்டார். இவை தம்மை ஒதுக்குவதற்காகச் செய்யப்பட்டவை என்றும், முதலமைச்சரின் தீய நோக்கத்தால் விளைந்தவை என்றும் கூறி அவர் உச்ச நீதிமன்றத்தை நேரடியாக அணுகினார்.

ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசமைப்பு அமர்வு 1973 ஆம் ஆண்டு நவம்பர் 23 அன்று அவருடைய மனுவைத் தள்ளுபடி செய்தது. ஐயத்துக்கு இடம் இருப்பது வேறு, மெய்ப்பிக்கப்படுவது வேறு என்றும், தீய நோக்கத்தை மெய்ப்பிக்கும் பொறுப்பு குற்றஞ்சாட்டுபவருக்கே மிகக் கடுமையாக உரியது என்றும் நீதிமன்றம் கூறியது. இதே தீர்ப்பில்தான் நீதிபதி பி. என். பகவதி, தம்முடன் இரு நீதிபதிகள் உடன்பட, சமத்துவமும் தன்னிச்சைப் போக்கும் ஒன்றுக்கொன்று பகை என்னும் கொள்கையை வகுத்தார். மனுதாரர் தோற்ற போதிலும், தன்னிச்சையான எந்த அரசுச் செயலையும் 14 ஆவது உறுப்பின் கீழ் எதிர்க்கலாம் என்னும் வழியை அவருடைய வழக்கு பிறருக்குத் திறந்து விட்டது.

இடைக்காலக் கட்டத்தில் இவ்வழக்கின் விளைவு தெளிவானது. தீய நோக்கம் என்று பொதுப்படக் கூறுவது தடையாணைக்குப் போதாது. யார், எப்போது, என்ன காரணத்தால் என்னும் விவரங்கள் பிரமாணப் பத்திரத்தில் இருக்க வேண்டும். குற்றஞ்சாட்டப்படும் அலுவலரையும் வழக்கில் எதிர்மனுதாரராகப் பெயர் சுட்டிச் சேர்ப்பது வழக்கம்.

மறு ஆய்வு செய்யும் வழிகள்

இடைக்கால ஆணையால் பாதிக்கப்பட்ட தரப்புக்கு, அது நிர்வாகமாயினும் ஊழியராயினும், பின்வரும் வழிகள் உள்ளன.

அதே நீதிமன்றத்தில் நீக்க மனு

எதிர்த்தரப்புக்கு மனுவின் நகலும் வாதிடும் வாய்ப்பும் அளிக்காமல் இடைக்கால ஆணை பிறப்பிக்கப்பட்டிருந்தால், அதனை நீக்கக் கோரி அதே உயர் நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். அம்மனுவை இரண்டு வாரங்களுக்குள் முடிக்க வேண்டும் என்றும், முடிக்காவிடில் இடைக்கால ஆணை நீங்கி விடும் என்றும் 226 ஆவது உறுப்பின் 3 ஆவது உட்பிரிவு கூறுகிறது. இது 1978 ஆம் ஆண்டின் 44 ஆவது அரசமைப்புத் திருத்தத்தால் தற்போதைய வடிவைப் பெற்றது.

இதனுடன் மற்றொரு விதியைக் குழப்பிக் கொள்ளலாகாது. உரிமையியல், குற்றவியல் விசாரணைகளைத் தடுக்கும் ஆணைகள் ஆறு மாதங்களில் தாமாகவே நீங்கி விடும் என 2018 ஆம் ஆண்டு ஏசியன் ரீசர்ஃபேசிங் வழக்கில் கூறப்பட்டிருந்தது. 2024 ஆம் ஆண்டு பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு அதனை ஏற்க மறுத்து, இடைக்கால ஆணைகள் காலக்கெடுவால் மட்டும் தாமாக முடிவதில்லை எனத் தீர்ப்பளித்தது.

இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு

சென்னை உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதியின் ஆணையை எதிர்த்து, 1865 ஆம் ஆண்டின் உரிமைச் சாசனத்தின் 15 ஆவது கூறின் கீழ் இரு நீதிபதிகள் அமர்வில் மேல்முறையீடு செய்யலாம். ஆயினும் 'தீர்ப்பு' எனக் கொள்ளத்தக்க ஆணைக்கே இவ்வாய்ப்பு உண்டு. ஷா பாபுலால் கிம்ஜி வழக்கு (1981), மிட்னாப்பூர் மக்கள் கூட்டுறவு வங்கி வழக்கு (2006) ஆகியவை இதனை வரையறுக்கின்றன. தரப்பினரின் உரிமையைக் கணிசமாகப் பாதிக்கும் இடைக்கால ஆணைக்கு மேல்முறையீடு உண்டு. வழக்கை நடத்துவதற்கான வாடிக்கையான ஆணைகளுக்கு இல்லை. மாறுதலை நிறுத்தும் தடையாணை முதல் வகையில் சேரும் என்றே நிர்வாகத் தரப்பு பொதுவாக வாதிடுகிறது.

மேல் அமர்வு தன் விருப்பப்படி புதிதாக முடிவெடுத்து விட இயலாது. வாண்டர் எதிர் ஆன்டாக்ஸ் இந்தியா (1990) வழக்கின்படி, முதல் நீதிபதி தம் விருப்புரிமையைத் தன்னிச்சையாகவோ, நிலைபெற்ற கொள்கைகளைப் புறக்கணித்தோ பயன்படுத்தியிருந்தால் மட்டுமே மேல் அமர்வு தலையிட வேண்டும்.

தீர்ப்பாய ஆணைகளின் மீதான ஆய்வு

மத்திய அரசு ஊழியர்களின் வழக்குகள் 1985 ஆம் ஆண்டின் நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டத்தின்படி மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குச் செல்கின்றன. இச்சட்டத்தின் 24 ஆவது பிரிவு இடைக்கால ஆணைக்குக் கட்டுப்பாடு விதிக்கிறது. எதிர்த்தரப்புக்கு நகலும் வாய்ப்பும் அளித்த பின்னரே ஆணை பிறப்பிக்க வேண்டும். பணத்தால் ஈடு செய்ய இயலாத இழப்பைத் தடுக்க வேண்டிய நிலையில் இதற்கு விலக்கு உண்டு. ஆனால் அத்தகைய ஆணை, உரிய நடைமுறைகளுக்குப் பின் நீட்டிக்கப்படாவிடில், 14 நாட்களில் முடிந்து விடும்.

எல். சந்திர குமார் எதிர் இந்திய ஒன்றியம் (1997) வழக்குக்குப் பின், தீர்ப்பாய ஆணைகளை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு 226, 227 ஆவது உறுப்புகளின் கீழ் ஆய்வு செய்கிறது.

உச்ச நீதிமன்றம்

136 ஆவது உறுப்பின் கீழ் சிறப்பு அனுமதி மனு மூலம் இடைக்கால ஆணையையும் உச்ச நீதிமன்றத்தில் எதிர்க்கலாம். எனினும் இடைக்கால ஆணைகளில் அந்நீதிமன்றம் பொதுவாகத் தலையிடுவதில்லை.

இடைக்கால ஆணை பற்றிய முக்கிய வழக்குகள்

இந்திய விமான நிலைய ஆணையம் எதிர் ராஜீவ் ரத்தன் பாண்டே (2009)

மாறுதல் வழக்கில் பிறந்த இடைக்கால ஆணையை உச்ச நீதிமன்றமே நேரடியாக ஆராய்ந்த வழக்கு இது. லக்னோவிலிருந்து கோழிக்கோட்டுக்கு மாற்றப்பட்ட ஊழியரின் மனுவில், அலகாபாத் உயர் நீதிமன்றத்தின் லக்னோ அமர்வு மாறுதலுக்கு இடைக்காலத் தடை விதித்தது. அத்தடையை உச்ச நீதிமன்றம் நீக்கியது. தீய நோக்கம் பற்றிய குற்றச்சாட்டில் போதிய விவரம் இல்லை என்பது நீதிமன்றம் கண்ட குறை. மாறுதல் ஆணைகளில் எளிதாகத் தலையிடலாகாது என்னும் கட்டுப்பாடு இறுதி விசாரணைக்கு மட்டுமன்றி இடைக்காலக் கட்டத்துக்கும் பொருந்தும் என்பதே இத்தீர்ப்பின் முதன்மை. வழக்கு முடியும் வரை தடை இருந்தால் யாருக்கும் கேடில்லை என்னும் எண்ணத்துக்கு இதன் பின் இடம் குறைந்தது.

குஜராத் மின்சார வாரியம் எதிர் ஆத்மாராம் சுங்கோமல் போஷானி (1989)

தடையாணை இல்லாத நிலையில் ஊழியரின் கடமை என்ன என்பதை இவ்வழக்கு வரையறுத்தது. மாறுதலை எதிர்த்து முறையீடு அளித்துள்ளார் என்பதனால் மட்டும் ஊழியர் புதிய இடத்தில் சேராமல் இருக்க இயலாது. ஆணை தடை செய்யப்படவோ நீக்கப்படவோ இல்லையெனில் அவர் சென்று சேர்ந்தாக வேண்டும். தவறினால் ஒழுங்கு நடவடிக்கைக்கு உள்ளாக நேரிடும். மாறுதலுக்கு உள்ளானவர்கள் உடனடியாகத் தடையாணை நாடி நீதிமன்றம் விரைவதற்கு இத்தீர்ப்பும் ஒரு காரணம்.

டி. கே. ரங்கராஜன் எதிர் தமிழ்நாடு அரசு (2003)

இது மாறுதல் வழக்கு அன்று. எனினும், ஊழியர் வழக்கில் பிறந்த இடைக்கால ஆணை ஒன்று படிப்படியாக மறு ஆய்வுக்கு உள்ளான முறைக்குத் தமிழ்நாட்டின் மிகப் பெரிய எடுத்துக்காட்டு இதுவே. 2003 ஆம் ஆண்டு சூலையில் நடந்த வேலைநிறுத்தத்தை ஒட்டி அரசு ஊழியர்களும் ஆசிரியர்களுமாக ஏறத்தாழ இரண்டு இலட்சம் பேர் பணிநீக்கம் செய்யப்பட்டனர். சென்னை உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி அந்நடவடிக்கையை நிறுத்தி வைத்து இடைக்கால ஆணை பிறப்பித்தார். அரசு மேல்முறையீடு செய்தது. இரு நீதிபதிகள் அமர்வு, ஊழியர்கள் முதலில் நிர்வாகத் தீர்ப்பாயத்தையே அணுக வேண்டும் எனக் கூறி இடைக்கால ஆணையை நீக்கியது.

உச்ச நீதிமன்றம் 2003 ஆம் ஆண்டு ஆகத்து 6 அன்று தீர்ப்பளித்தது. இத்தனை பேரைத் தீர்ப்பாயத்துக்கு அனுப்புவது பயனுள்ள மாற்று வழி ஆகாது என்றும், இத்தகைய அரிய சூழலில் உயர் நீதிமன்றமே வழக்கை ஏற்றிருக்க வேண்டும் என்றும் கூறியது. அதே வேளையில் அரசு ஊழியர்களுக்கு வேலைநிறுத்த உரிமை இல்லை என்றும் தீர்ப்பளித்தது. மன்னிப்பும் உறுதிமொழியும் பெற்றுப் பெரும்பாலோரை மீண்டும் சேர்த்துக் கொள்ள அரசு ஒப்புக்கொண்டது.

தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் 1988 ஆம் ஆண்டு முதல் செயற்பட்டு, 2006 ஆம் ஆண்டு கலைக்கப்பட்டது. அதன் பின் மாநில அரசு ஊழியர்களின் மாறுதல் வழக்குகள் மீண்டும் நேரடியாக உயர் நீதிமன்றத்துக்கே வருகின்றன.

ஆலைத் தொழிலாளர்களின் நிலை

தனியார் நிறுவனத் தொழிலாளர்களுக்கு நீதிப்பேராணை வழி பொதுவாகத் திறந்திருப்பதில்லை. 1947 ஆம் ஆண்டின் தொழிற்தகராறுகள் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை, நிர்வாகக் கொள்கை என்னும் போர்வையில் தீய நோக்குடன் தொழிலாளரை இடம் மாற்றுவதை நியாயமற்ற தொழிலுறவு நடைமுறை எனக் குறிப்பிட்டது. 2020 ஆம் ஆண்டின் தொழிலுறவுச் சட்டத்தொகுப்பு 2025 ஆம் ஆண்டு நவம்பர் 21 அன்று நடைமுறைக்கு வந்து பழைய சட்டத்தின் இடத்தைப் பெற்றது. நியாயமற்ற நடைமுறைகள் பற்றிய அட்டவணை அதிலும் இடம் பெற்றுள்ளது.

குந்தன் சர்க்கரை ஆலை எதிர் சியாவுதீன் (1960) வழக்கில், பணி ஒப்பந்தத்தில் இடமில்லாத நிலையில், பின்னர் தொடங்கப்பட்ட வேறோர் ஆலைக்குத் தொழிலாளரை மாற்றும் இயல்பான உரிமை முதலாளிக்கு இல்லை என உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. தொழில் தீர்ப்பாயம் தன்னிடம் வந்த முதன்மைப் பூசலுக்கு உட்பட்ட இடைக்கால நிவாரணத்தை வழங்கலாம் என்பது ஓட்டல் இம்பீரியல் வழக்கில் (1959) நிறுவப்பட்டது. எனினும் சமரச அலுவலர், அரசின் பரிந்துரை, தீர்ப்பாயம் எனப் படிகள் பலவாக இருந்ததால், இடைக்காலத் தடை அரசு ஊழியருக்குக் கிடைத்த வேகத்தில் தொழிலாளருக்குக் கிடைத்ததில்லை.

படப்பை வட்டாரத்தில்

படப்பை, வண்டலூர் - வாலாசாபாத் சாலையில், தாம்பரத்துக்கும் ஒரகடம் தொழிற்பகுதிக்கும் இடையே அமைந்த ஊர். பலவகை ஊழியர்கள் அருகருகே வாழும் இத்தகைய புறநகரில், ஒரே தெருவில் உள்ளவர்களும் மாறுதலை எதிர்க்க வெவ்வேறு மன்றங்களை நாட வேண்டியுள்ளது.

• மாநில அரசு ஊழியர், அரசுப் பள்ளி ஆசிரியர் - சென்னை உயர் நீதிமன்றத் தனி நீதிபதி. பின்னர் இரு நீதிபதிகள் அமர்வு.
• தாம்பரத்தில் பணிபுரியும் இரயில்வே ஊழியர், பிற மத்திய அரசு ஊழியர் - மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வு. பின்னர் உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு.
• தாம்பரம் வான்படைத் தளத்தின் சீருடைப் பணியாளர் - 2007 ஆம் ஆண்டின் ஆயுதப் படைத் தீர்ப்பாயச் சட்டம் 'பணி விவகாரம்' என்பதிலிருந்து இடமாறுதலை விலக்கியுள்ளதால், அத்தீர்ப்பாயத்தில் மாறுதலை எதிர்க்க இயலாது. உயர் நீதிமன்றமே வழி.
• பொதுத்துறை வங்கி அதிகாரி - உயர் நீதிமன்றம்.
• ஒரகடம் ஆலைத் தொழிலாளர் - சமரச அலுவலர். பின்னர் தொழில் தீர்ப்பாயம்.

இம்மன்றங்களில் இடைக்கால ஆணைக்கான விதி, காலக்கெடு, மறு ஆய்வு வழி ஆகியவை வேறுபடுகின்றன. தவறான மன்றத்தை நாடினால் இழப்பது பெரும்பாலும் பணியேற்பிடைக் காலத்தின் சில நாட்களே. ஆனால் மாறுதல் வழக்கில் அந்தச் சில நாட்களே விலைமதிப்பு உடையவை.

தடையாணையை மீறுதல்

தடையாணையை அறிந்த பின்னும் ஊழியரைப் பணி செய்ய விடாத அலுவலர் மீது 1971 ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் கீழ் நடவடிக்கை எடுக்கலாம். மேல்முறையீட்டுடன் தடை கோரும் மனு நிலுவையில் இருக்கும் போது அவமதிப்பு வழக்கை விரைவுபடுத்தாமல் முதலில் அந்த மனுவை முடிக்க வேண்டும் என மாடர்ன் ஃபுட் இண்டஸ்ட்ரீஸ் எதிர் சச்சிதானந்த தாஸ் (1995) வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. இடைக்கால ஆணையால் பெற்ற பயனை, வழக்கில் தோற்ற பின் வைத்துக் கொள்ள இயலாது என்னும் மீட்டளிப்புக் கொள்கை தென்கிழக்கு நிலக்கரி வயல்கள் வழக்கில் (2003) விரிவாக விளக்கப்பட்டது. பணத்துக்கு இக்கொள்கை எளிதில் பொருந்துகிறது. ஓரிடத்தில் கழிந்த காலத்துக்குப் பொருத்துவது கடினம்.

விமர்சனங்களும் சீர்திருத்தங்களும்

இடைக்கால ஆணைகளின் மீதான கடும் கட்டுப்பாட்டை ஆதரிப்போர், தடையாணைகள் பெருகினால் தொலைதூர ஊர்களுக்கும் வசதி குறைந்த ஊர்களுக்கும் ஊழியர் செல்லவே மாட்டார்கள் என்பர். ஒருவர் பெறும் தடை, அவ்விடத்துக்கு முறையாக வர வேண்டிய மற்றோர் ஊழியரையும் பாதிக்கிறது.

எதிர்ப்போர், தீய நோக்கத்துக்கான சான்றுகள் அலுவலகக் கோப்புகளில்தான் உள்ளன என்றும், அவை மனுதாரரின் கைக்கு வருமுன்பே முழு விவரம் கேட்பது நியாயமன்று என்றும் கூறுவர். இடைக்கால விசாரணையின் போதே மாறுதல் கோப்பினை நீதிமன்றம் வரவழைத்துப் பார்ப்பது இக்குறையைத் தணிக்கிறது.

வழக்குகளைக் குறைக்கும் வழி மாறுதல் முறையைச் சீர்படுத்துவதே என்னும் கருத்து வலுப்பெற்று வந்துள்ளது. பிரகாஷ் சிங் வழக்கில் (2006) முக்கியக் காவல் பதவிகளுக்குக் குறைந்தது ஈராண்டுப் பதவிக்காலமும், முன்னாள் அமைச்சரவைச் செயலாளர் டி. எஸ். ஆர். சுப்பிரமணியன் தொடர்ந்த வழக்கில் (2013) ஆட்சிப் பணி அதிகாரிகளுக்கு உறுதியான பதவிக்காலமும் குடிமைப் பணி வாரியங்களும் வேண்டும் என உச்ச நீதிமன்றம் பணித்தது. எஸ். கே. நவ்ஷாத் ரகுமான் வழக்கில் (2022) மாறுதலைக் கட்டுப்படுத்தும் அரசின் அதிகாரத்தை ஏற்ற நீதிமன்றம், மாறுதல் கொள்கை வகுக்கும் போது குடும்ப வாழ்வு, பெண் ஊழியர்களின் சமத்துவம், மாற்றுத் திறனாளிகளின் தேவை ஆகியவற்றை அரசு கருத்தில் கொள்ள வேண்டும் என்றது.

கீழ்நிலை ஊழியர் பெரும்பாலோருக்குச் சட்டப்படி உறுதி செய்யப்பட்ட இத்தகைய பதவிக்காலம் இல்லை. அவர்களைப் பொறுத்தவரை, மாறுதல் ஆணை கைக்கு வந்த நாளுக்கும் பணியிலிருந்து விடுவிக்கப்படும் நாளுக்கும் இடையே பெறும் அல்லது இழக்கும் இடைக்கால ஆணையே வழக்கின் முடிவாக அமைந்து விடுகிறது.

இவற்றையும் பார்க்க

• சென்னை உயர் நீதிமன்றம்
• மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம்
• நீதிப்பேராணை
• இந்திய அரசமைப்பு
• நீதிமன்ற அவமதிப்பு
• படப்பை